தறி போட்ட பள்ளத்தை 528 ஹெர்ட்ஸ் தூர்க்குமா?

வாசகர் கடிதம், சுருக்கமாக:

கோவை மாவட்டத்து விசைத்தறிக் கூடம் ஒன்றில் 22 வருடமாக வேலை பார்க்கும் 46 வயது வாசகர் எழுதியிருக்கிறார். எட்டு மாதமாக இரண்டு காதிலும் இரைச்சல், இடது காதில் கொஞ்சம் கூடுதல். "காதுக்குள்ள சில்வண்டு உக்காந்துட்டு எந்திரிக்கவே மாட்டேங்குதுங்க" என்கிறார். டாக்டர் கேட்கும் திறனை அளக்கும் ஆடியோகிராம் எடுத்துப் பார்த்துவிட்டு, "நரம்பு தேய்ஞ்சிருச்சு, பழகிக்கங்க" என்று சொல்லி மூன்று மாதத்துக்கு மாத்திரை எழுதிக் கொடுத்தாராம். குணம் தெரியவில்லை. பிறகு கைபேசியில் வந்த விளம்பரத்தைப் பார்த்து, ஒலியால் நிஜத்தையே சீர்செய்யும் கலை என்று ஒன்றைக் கற்றுத்தரும் இணைய வகுப்பில் 18,000 ரூபாய் கட்டிச் சேர்ந்திருக்கிறார். உலகம் முழுக்க அதிர்வுதான், சுருதி பிசகிய இடத்தில்தான் நோயும் கடனும் சண்டையும் வருகின்றன, சரியான ஒலியைச் செலுத்தினால் பிசகிய நிஜம் நேராகும், 528 ஹெர்ட்ஸ் டிஎன்ஏவையே பழுதுபார்க்கும் என்பது அங்கே சொல்லித்தரும் பாடம். தினமும் மூன்று மணி நேரம் இயர்போனில் முழுச் சத்தத்தில் கேட்க வேண்டும். இரைச்சல் கூடிவிட்டது என்று இவர் சொன்னதற்கு, "காது திறந்துகொள்கிறது, நல்ல அறிகுறி" என்று பதில். இரண்டாம் நிலைக்கு 65,000 கேட்கிறார்கள். மனைவியின் வளையலை அடகு வைக்கும் யோசனையில் இருக்கிறார். "ஒலி முடிஞ்சதும் ஒரு நிமிசம் காது சுத்தமா அமைதியாகுதுங்க. அது பொய்யில்லீங்களே?" என்றும் கேட்டிருக்கிறார். கடைசி வரி: "இப்படியே போனா எதுக்கு இருக்கோம்னு தோணுது."

பதில்:

அன்புள்ள வாசகருக்கு,

உங்கள் கடைசி வரியிலிருந்தே தொடங்குகிறேன். இரவில் தூக்கம் கெட்டு, யாரிடமும் காட்ட முடியாத ஒரு சத்தத்தோடு எட்டு மாதம் தனியாக மல்லுக்கட்டியவருக்கு இப்படித் தோன்றுவது அபூர்வமல்ல. ஆனால் அந்த எண்ணம் அடிக்கடி வந்தாலோ, எப்படி, எப்போது என்று மனம் கணக்குப் போடத் தொடங்கினாலோ, காதுப் பரிசோதனைக்காகக் காத்திருக்காதீர்கள். 14416 என்ற டெலி மானஸ் மனநல உதவி எண்ணில் எந்நேரமும் தமிழில் பேசலாம், கட்டணம் இல்லை. இந்தக் கடிதத்தை உங்கள் மனைவியிடமும் காட்டுங்கள். வளையல் விஷயத்துக்காக மட்டும் சொல்லவில்லை.

இனி காதுக்கு வருவோம். நீங்கள் அனுப்பிய ஆடியோகிராம் நகலை எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். சிவப்பு வட்டம் வலது காது, நீலப் பெருக்கல் குறி இடது காது. குறுக்கே உள்ள ஹெர்ட்ஸ் எண் கூடக் கூட ஒலி கீச்சென்று உயரும். கோடு கீழே போகப் போக, கேட்க அதிகச் சத்தம் தேவைப்படுகிறது என்று பொருள்; அந்தச் சத்தத்தின் அளவுதான் டெசிபல். 250 ஹெர்ட்ஸிலிருந்து 2000 வரை இரண்டு கோடுகளும் 15, 20, 25 டெசிபல் என்று மேலேயே சமமாகப் போகின்றன. 4000-க்கு வந்ததும் வலது 55-க்கும் இடது 65-க்கும் கிணற்றில் விழுந்த மாதிரி இறங்குகின்றன. 8000-ல் மறுபடி 35, 40 என்று மேலே ஏறிவிடுகின்றன. வயதால் வரும் குறைவு பெரும்பாலும் இப்படி இருக்காது. அது 8000 வரை சரிந்துகொண்டே போகும். விழுந்து எழும் இந்தப் பள்ளம் இரைச்சல் போடுகிற பள்ளம். பல வருடம் தறிக்கூடத்தில் நின்றவர்களின் தாளில் இது கையெழுத்துப் போல இருக்கும்.

காதின் உட்புறத்தில் நத்தை ஓடு போலச் சுருண்ட எலும்பறை ஒன்று உண்டு. அதற்குள் ஏறத்தாழ 15,000 மயிர்ச்செல்கள் வரிசையாக நிற்கின்றன. ஒவ்வொரு பகுதியும் குறிப்பிட்ட உயரத்து ஒலிக்கு. 4000 ஹெர்ட்ஸைச் சுற்றியுள்ள பகுதிதான் இரைச்சலில் முதலில் அடிவாங்கும். பறவைகளுக்கு இந்தச் செல்கள் செத்தால் திரும்ப முளைக்கும், மனிதனுக்கு முளைப்பதில்லை. "நரம்பு தேய்ந்துவிட்டது" என்று உங்கள் டாக்டர் சொன்னதன் பொருள் இதுதான். அந்த அளவில் அவர் சொன்னது சரி.

ஆனால் இரைச்சல் அந்தப் பள்ளத்திலிருந்து நேரடியாக வருவதில்லை. நாற்பது தறி ஓடும் கூடத்தில் ஒரே ஒரு தறி நின்றால்கூட, முதுகைக் காட்டி நிற்கும் உங்களுக்குத் தெரிந்துவிடும் அல்லவா? மூளையும் அப்படித்தான். 4000 ஹெர்ட்ஸ் பக்கத்திலிருந்து செய்தி வருவது குறைந்ததும் அது அந்தப் பக்கம் திரும்பி, உணர்திறனை ஏற்றி வைத்துக்கொண்டு காத்திருக்கிறது. அப்படி ஏற்றி வைத்த நிலையில் நரம்புகளின் சொந்தச் சலசலப்பே சில்வண்டாகக் கேட்கிறது. இதை விளக்க ஆராய்ச்சியாளர்களிடம் ஒன்றுக்கு மேற்பட்ட கோட்பாடுகள் உண்டு என்றாலும், அடிப்படையில் பெரும்பாலோர் ஒத்துக்கொள்வது இதுதான். 1953-ல் காதில் குறையில்லாத 80 பேரை ஒலி புகாத அறையில் சில நிமிடம் உட்கார வைத்துப் பார்த்தார்கள். அவர்களில் 94 சதவீதம் பேர் ஏதோ ஒரு சத்தம் கேட்டதாகச் சொன்னார்கள். நிசப்தத்தில் எல்லார் மூளையும் கொஞ்சம் பேசும். உங்களுடையது பேச்சை நிறுத்த மறுக்கிறது, நீங்களும் அதைப் பயந்து உற்றுக் கேட்கிறீர்கள், அதனால் அது இன்னும் முக்கியமாகிறது.

"பழகிக்கங்க" என்ற ஒற்றைச் சொல்லில்தான் தவறு. பழகுவது தானாகவும் நடக்கலாம். நடக்காதபோது அதைச் சொல்லித்தர ஒரு முறை இருக்கிறது. அந்த முறையைச் சொல்லாமல் அனுப்பிவைத்த இடைவெளியில்தான் உங்கள் இணைய வகுப்பு நுழைந்திருக்கிறது.

528-இன் கணக்கு

கோபப்படாமல் இந்தக் கணக்கைப் பாருங்கள். ஹெர்ட்ஸ் என்றால் ஒரு விநாடிக்கு எத்தனை அதிர்வு என்பது. விநாடியோ நாளை மனிதன் வகுத்துக்கொண்ட ஒரு துண்டு. நம் பழைய நாழிகைக் கணக்கில் ஒரு விநாழிகைக்கு 24 விநாடி. அந்தக் கணக்கிலேயே நாம் தொடர்ந்திருந்தால் இதே ஒலிக்கு 12,672 என்று பெயர் வந்திருக்கும். எந்த எண்ணுக்குள் மருந்து இருக்கிறது?

"நாதப் பிரம்மம் என்று முன்னோர் சொன்னார்களே" என்று எழுதியிருக்கிறீர்கள். சொன்னார்கள். ஆனால் நம் சங்கீதத்தில் ஷட்ஜத்துக்கு நிலையான எண் கிடையாது. ஒருவர் ஒரு கட்டையில் பாடுவார், இன்னொருவர் ஐந்தரைக் கட்டையில் பாடுவார், சுருதிப் பெட்டியை அவரவர் தொண்டைக்குத் திருப்பிக்கொள்வார்கள். சுரங்களுக்கு இடையில் உள்ள உறவுதான் இசை, எண் அல்ல. ஹார்மோனியத்தின் ஒரு கட்டை ஷட்ஜத்தை மேலே கொண்டுபோனால் 523 ஹெர்ட்ஸில் ஒன்று கிடைக்கும். உங்கள் ஊர் பஜனை மடத்து ஹார்மோனியம் கொஞ்சம் சுருதி ஏறியிருந்தால், இத்தனை வருடமும் 528 இலவசமாகவே ஒலித்திருக்கும்.

டிஎன்ஏ கதை இன்னும் மோசம். 528 ஹெர்ட்ஸ் ஒலி உடம்பில் உள்ள நீர் வழியே போகும்போது ஒரு அலையின் நீளம் சுமார் 2.8 மீட்டர். டிஎன்ஏ இழையின் அகலம் 2 நானோமீட்டர். வேட்டி அகலத்துக்கும் பெரிய அலை, கண்ணுக்குத் தெரியாத ஒரு இழையின் முடிச்சைத் தேடிப்பிடித்து அவிழ்க்குமா? ஆய்வகத்தில் ஒலியை டிஎன்ஏ மீது பாய்ச்சுவது உண்மைதான். கேளா ஒலியின் (அல்ட்ராசவுண்ட்) விசையால் அதைத் துண்டு துண்டாக உடைப்பதற்கு. பழுதுபார்ப்பதற்கல்ல.

வீட்டின் நான்கு மூலையிலும் ஒலிபெருக்கி வைத்துக் கடனை விரட்டுவது பற்றியும் கேட்டிருந்தீர்கள். சாதாரணப் பேச்சு 60 டெசிபல். அது காற்றழுத்தத்தில் உண்டாக்கும் ஏற்ற இறக்கம், வளிமண்டல அழுத்தத்தில் 50 லட்சத்தில் ஒரு பங்கு. அவ்வளவு மெல்லியதைக் கேட்கக் காது என்ற அற்புதமான கருவி தேவை. வட்டிக்கடைக் கணக்குப் புத்தகத்துக்குக் காது கிடையாது.

ஒலியால் உடம்பில் எதையுமே சரிசெய்ய முடியாது என்று நான் சொல்லவில்லை. சிறுநீரகக் கல்லை வெளியிலிருந்து அதிர்வலை பாய்ச்சி உடைக்கும் சிகிச்சை 1980-ல் மியூனிக்கில் தொடங்கியது. இன்று நம் மாவட்டத் தலைநகரங்களிலேயே செய்கிறார்கள். கைநடுக்க நோய் ஒன்றுக்கு, மூளைக்குள் ஒரு புள்ளியில் கேளா ஒலியைக் குவித்துச் சிகிச்சை தருகிறார்கள். இரண்டிலும் எங்கே, எவ்வளவு விசை, எத்தனை முறை என்ற அளவு உண்டு. இரண்டுமே காது வழியாக வேலை செய்வதில்லை.

அந்த ஒரு நிமிட அமைதி

அது பொய்யில்லை. காதிரைச்சல் உள்ளவர்களுக்கு ஒரு ஒலியைச் சற்று நேரம் கேட்கவைத்து நிறுத்தினால், பலருக்குச் சில விநாடியிலிருந்து ஒன்றிரண்டு நிமிடம் வரை இரைச்சல் அடங்கும். கேட்கும் திறனைப் பரிசோதிக்கும் ஆடியாலஜிஸ்டுகள் இதைப் பரிசோதனையாகவே செய்வார்கள். 528 தேவையில்லை, மழைச் சத்தமோ, டேங்க் நிரம்பும் சத்தமோ போதும். நரம்புகள் சற்றுக் களைத்து அடங்குகின்றன, பிறகு பழைய நிலைக்கு வந்துவிடுகின்றன. ஒவ்வொரு முறையும் கொஞ்சம் சேமித்துக்கொண்டு போய் ஒருநாள் முழுக் குணமாகும் என்ற கணக்கு இதில் இல்லை. ஓம் சொல்லும்போது நிம்மதியாக இருக்கிறது என்பதும் உண்மை. மூச்சை நீளமாக விடுகிறீர்கள், இதயத்துடிப்பு தணிகிறது, முனகல் எலும்பு வழியாகவே உள்ளே கேட்டு இரைச்சலை மூடுகிறது. தாராளமாகச் சொல்லுங்கள். அதற்குக் கட்டணம் வேண்டாம்.

ஆனால் "காது திறந்துகொள்கிறது" என்றார்களே, அதுதான் இந்தக் கடிதத்திலேயே என்னை அதிகம் கவலைப்பட வைத்தது. உரத்த ஒலிக்குப் பின் இரைச்சல் கூடி, பேச்சு பஞ்சு வழியாகக் கேட்பது போல் மங்கினால், மயிர்ச்செல்கள் களைத்துப் போயிருக்கின்றன என்று பொருள். திருவிழாவில் ஸ்பீக்கர் பெட்டிக்குப் பக்கத்தில் நின்றுவிட்டு வந்த இரவு எப்படி இருந்தது என்று நினைத்துப் பாருங்கள். ஓய்வு கொடுத்தால் ஓரளவு மீளும். திரும்பத் திரும்ப அடித்தால் மீளாது. உலக சுகாதார நிறுவனம் சொல்லும் எல்லை 80 டெசிபல் என்றால் வாரத்துக்கு 40 மணி நேரம். ஒவ்வொரு 3 டெசிபல் கூடும்போதும் நேரம் பாதியாகும். 92-க்கு வாரம் இரண்டரை மணி. 101-க்கு வாரம் முழுவதற்கும் சேர்த்தே 20 நிமிடத்துக்கும் குறைவு. கைபேசியில் முழுச் சத்தம் வைத்தால் பல இயர்போன்கள் 100-ஐத் தொடும். நீங்கள் கேட்டது தினமும் மூன்று மணி நேரம், அதுவும் தறிக்கூட வேலைக்கு மேல். இன்றே நிறுத்துங்கள். படிப்படியாகக் குறைக்க வேண்டியதில்லை.

முதலில் செய்ய வேண்டிய பரிசோதனை

உங்கள் ஆடியோகிராம் எட்டு மாதம் பழையது. இந்தப் பயிற்சிக்கு முன்பு எடுத்தது. புதிதாக ஒன்று வேண்டும். சத்தத்தில் இருந்துவிட்டு நேராகப் போனால் களைத்த காதைத்தான் அளப்பார்கள். குறைந்தது 14 மணி நேரம் இரைச்சலில்லாமல் இருந்துவிட்டுப் போங்கள். ஞாயிறு விடுமுறை என்றால் திங்கள் காலை, கூடத்துக்குள் நுழைவதற்கு முன். அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளில் காது மூக்கு தொண்டைப் பிரிவிலேயே இந்த வசதி உண்டு. வெளியே போவதானால், பரிசோதிப்பவர் இந்திய மறுவாழ்வு கவுன்சிலில் பதிவு செய்த ஆடியாலஜிஸ்டா என்று பதிவெண்ணைக் கேட்டுக்கொள்ளுங்கள். கேட்பதில் தப்பில்லை.

முதலில் காதுக்குள் விளக்கடித்துப் பார்க்கச் சொல்லுங்கள். நீங்கள் காதில் வைக்கும் பஞ்சுக்குப் பின்னால் குறும்பி திரண்டு செவிப்பறையில் ஒட்டியிருந்தாலே இரைச்சல் கூடும். மற்ற நோய்களுக்குச் சாப்பிடும் மாத்திரைகளின் சீட்டையும் கொண்டுபோங்கள். அதிக அளவு ஆஸ்பிரின், குயினைன், சில ஊசி மருந்துகள் காதைப் பாதிக்கும். நீங்களாக எதையும் நிறுத்த வேண்டாம்.

இடது காதில் கூடுதல் என்கிறீர்கள். பழைய தாளில் இரு காதுக்கும் உள்ள அதிகபட்ச வித்தியாசம் 4000-ல் வரும் 10 டெசிபல்தான். அது தனியாகப் பெரிய சந்தேகத்தைக் கிளப்பாது. புதிய தாளில் இடது காது பக்கத்துப் பக்கத்து ஒலிகளில் 15 டெசிபலோ அதற்கு மேலோ பின்தங்கியிருந்தால், அல்லது பேச்சைப் புரிந்துகொள்ளும் சோதனையில் இடது மட்டும் மோசமாக இருந்தால், எம்ஆர்ஐ எடுக்கச் சொல்வார்கள். கேட்புநரம்பில் மெதுவாக வளரும், புற்றுநோய் அல்லாத கட்டி ஒன்று அபூர்வமாக இப்படி வெளிப்படும். இல்லை என்று உறுதிசெய்துகொள்வதற்குத்தான். நாடித் துடிப்போடு சேர்ந்து 'டுப் டுப்' என்று கேட்டாலும் ஸ்கேன் தேவைப்படும், உங்களுக்கு அப்படி இல்லை என்று எழுதியிருக்கிறீர்கள்.

ஒன்றை மட்டும் மனதில் வையுங்கள். ஒருநாள் எழுந்ததும் ஒரு காது திடீரென்று மந்தமாகிவிட்டால் அது அவசரம். 'சளி, தானாகச் சரியாகும்' என்று இருக்காதீர்கள். ஸ்டீராய்டு சிகிச்சையைச் சில நாட்களுக்குள் தொடங்கினால் பலன் அதிகம். இரண்டு வாரம் தாண்டினால் வாய்ப்பு குறைந்துவிடும்.

மாத்திரையைப் பொறுத்தவரை: காதிரைச்சலை நீக்கும் மாத்திரை என்று நிரூபணமான ஒன்று இன்றுவரை இல்லை. மூன்று மாதம் சாப்பிட்டீர்களே, பீட்டாஹிஸ்டின், அதைத் தலைசுற்றல் இல்லாமல் இரைச்சலுக்காக மட்டும் தர வேண்டாம் என்று பிரிட்டனின் 2020 வழிகாட்டுதல் நேராகவே சொல்கிறது. ஜிங்கோ என்ற மூலிகை, துத்தநாகம் போன்றவற்றையும் பரிந்துரைக்க வேண்டாம் என்பது அமெரிக்கக் காது மருத்துவர்களின் 2014 வழிகாட்டுதல். அந்தச் செலவை மிச்சப்படுத்தலாம்.

ஒலியை எப்படி வைப்பது

நீங்கள் தேடிய சிகிச்சை உண்மையிலேயே ஒலியால்தான் நடக்கிறது. ஆனால் உங்களுக்குச் சொல்லித்தந்ததற்கு நேர் எதிரான அளவில். இருட்டறையில் அகல் விளக்கைப் பார்க்காமல் இருக்க முடியாது; பகலில் அதே விளக்கு எரிந்தாலும் கண்ணில் படாது. விளக்கை அணைக்க முடியாதபோது ஜன்னலைத் திறக்கிறோம். போலந்தில் பிறந்த ஆராய்ச்சியாளர் ஜாஸ்ட்ரெபாஃப் 1990-ல் முன்வைத்த கோட்பாட்டிலிருந்து வந்த முறை இது.

ஒலியைத் தேர்ந்தெடுங்கள்: மழை, ஓடை, மின்விசிறி போன்ற ஏற்ற இறக்கமில்லாத, அர்த்தமில்லாத ஒலி. பாட்டும் பேச்சும் வேண்டாம், மனம் பின்னாலேயே போகும். 'உஸ்ஸ்' என்று எல்லா உயரத்து ஒலியும் கலந்து கேட்கும் வெண்ணிரைச்சல் சிலருக்குக் கூச்சமாக இருக்கும்; மழைச் சத்தம் பெரும்பாலோருக்கு ஒத்துக்கொள்ளும். இயர்போனில் வேண்டாம். சின்ன ஸ்பீக்கரைக் கட்டிலிலிருந்து நாலைந்து அடி தள்ளி வையுங்கள்.

அளவை வைக்கும் விதம்தான் முக்கியம், பலர் தவறுவதும் இங்கேதான். சத்தத்தைப் பூஜ்யத்தில் வைத்துவிட்டு, உங்கள் சில்வண்டைக் கேளுங்கள். இனி ஒவ்வொரு படியாக ஏற்றுங்கள். முதலில் மழை கேட்கத் தொடங்கும். இன்னும் ஒன்றிரண்டு படியில் மழையும் சில்வண்டும் ஒன்றோடொன்று கலப்பது போல் இருக்கும். அதற்கு ஒரு படி கீழே நிறுத்துங்கள். இரண்டும் தனித்தனியாகக் கேட்க வேண்டும். மழைதான் கொஞ்சம் தாழ்ந்திருக்க வேண்டும். சில்வண்டு மூழ்கிப்போகும் அளவுக்கு ஏற்றினால் அந்த நேரத்துக்குச் சுகமாக இருக்கும், ஆனால் மூளை எதையும் கற்றுக்கொள்ளாது. கேட்காத ஒன்றோடு எப்படிப் பழகுவது? இரைச்சல் உச்சத்தில் இருக்கும் நாளில் கையை ஸ்பீக்கரிடம் கொண்டுபோகத் தோன்றும். போகாதீர்கள்.

வீட்டில் நிசப்தமாக இருக்கும் நேரமெல்லாம் இது ஓடட்டும். இரவு முழுக்கவும் ஓடலாம். முதல் மூன்று வாரம் எந்த மாற்றமும் தெரியாமல் போகலாம். இரைச்சல் குறைந்ததா என்று தினமும் சோதித்துப் பார்ப்பதுதான் இந்த முறைக்குப் பெரிய எதிரி. அதற்குப் பதிலாக ஞாயிறுதோறும் ஒரு கேள்வி மட்டும் கேட்டு நோட்டில் எழுதுங்கள்: இந்த வாரம் எத்தனை இரவு இரைச்சலால் தூக்கம் கெட்டது? முழுமையாகப் பழக ஒரு வருடம், ஒன்றரை வருடம் ஆகலாம். சத்தம் அங்கேயே இருக்கும்; நீங்கள் அதைக் கவனிக்கும் நேரம் குறைந்துகொண்டே போகும்.

காதில் எப்போதும் பஞ்சு வைத்திருப்பதை வீட்டிலாவது நிறுத்துங்கள். வெளிச்சத்தம் குறைந்தால் மூளை உணர்திறனை இன்னும் ஏற்றும், சாதாரணப் பாத்திரச் சத்தமே கூசத் தொடங்கும். கூடத்திலோ பஞ்சு எதையும் தடுப்பதில்லை. அங்கே காதை அடைக்கும் நுரைக்கட்டை வேண்டும். விரல்களால் மெல்லிய குச்சியாக உருட்டி, மறுகையால் காது மடலை மேலேயும் பின்னாலும் இழுத்துப் பிடித்து, உள்ளே விட்டு, விரியும்வரை 20, 30 விநாடி அழுத்திப் பிடியுங்கள். பாதி வெளியே நீட்டிக்கொண்டிருந்தால் போட்டும் போடாத மாதிரிதான். பொருந்தியிருந்தால் உங்கள் குரல் உங்களுக்கே குடத்துக்குள் பேசுவது போல் கேட்கும். கைநீளத் தூரத்தில் நிற்பவரோடு கத்திப் பேச வேண்டிய இடமெல்லாம் 85 டெசிபலைத் தாண்டிய இடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். வேலையை விட வேண்டுமா என்று கேட்டிருந்தீர்கள். உங்களுடையது மேற்பார்வைப் பணி என்பதால் பாவு, மடிப்பு, கணக்கு என்று சத்தம் குறைந்த பக்கத்துக்கு நேரத்தை மாற்றிக்கொள்ள முடியுமா என்று முதலாளியிடம் கேட்டுப் பாருங்கள். வேலையை விட்டுவிட்டு நிசப்தமான வீட்டில் நாள் முழுக்க உட்காருவது உங்கள் இரைச்சலுக்கு உதவாது.

காது மெஷின் பற்றியும் யோசிக்கலாம். "எனக்குத்தான் கேட்குதே" என்பீர்கள். 4000-ல் 55, 65 என்றால் ச, த, ஸ போன்ற ஒலிகள் நழுவும். மனைவி முணுமுணுப்பதாகத் தோன்றும். உயர்ந்த ஒலிகளை மட்டும் தூக்கிக் கொடுத்து, காதுத் துவாரத்தை அடைக்காத வகைக் கருவி பொருத்தினால், வராத செய்தி மூளைக்கு ஓரளவு வரும். பலருக்கு இரைச்சலும் பின்னுக்குப் போகும். இரண்டு மூன்று வாரம் போட்டுப் பார்த்துவிட்டு முடிவு செய்யும் ஏற்பாடு இருக்கிறதா என்று கேளுங்கள். இணையத்தில் சில நூறு ரூபாய்க்கு விற்கும் பெருக்கிகள் எல்லாச் சத்தத்தையும் ஒன்றாக ஏற்றும். அவற்றைத் தொடாதீர்கள். ஈஎஸ்ஐ அட்டை இருந்தால் மருந்தகத்திலிருந்து மேல்மருத்துவமனைக்குக் கடிதம் வாங்குங்கள்; காதுக்கருவியும் அதில் அடங்கும். இரைச்சலால் வரும் செவித்திறன் குறைவு தொழில்சார் நோய்ப் பட்டியலில் இருப்பதால், 22 வருட வேலைக்கான சான்றையும் ஆடியோகிராம்களையும் ஒரே உறையில் சேர்த்து வையுங்கள். மாற்றுத்திறன் சான்றிதழ் கிடைக்குமா என்றால், உங்கள் தாளைப் பார்த்தால் கிடைக்காது. அதற்கு இரு காதிலும் பேச்சு ஒலிகளில் 60 டெசிபலாவது குறைவு வேண்டும்.

இரைச்சலால் வரும் பயத்தையும் தூக்கமின்மையையும் குறைப்பதில் மிக வலுவான சான்று உள்ளது அறிவாற்றல் நடத்தைச் சிகிச்சைக்குத்தான். சுமார் எட்டு, பத்து அமர்வுகள், மனநலப் பிரிவிலோ பயிற்சி பெற்ற உளவியலாளரிடமோ. "இது நிற்காது, நான் முடிந்தேன்" என்று மனம் ஓடும் பாதையைப் பிடித்துத் திருப்பும் பயிற்சி. உங்கள் கடைசி வரியைப் படித்த பிறகு, காது மெஷினுக்கும் முன்னால் இதை வைக்கிறேன்.

கட்டிய பணம்

இரண்டாம் நிலைக்குச் சேர வேண்டாம். வளையல் இருக்கும் இடத்திலேயே இருக்கட்டும்.

கட்டிய 18,000 விஷயத்தில் நான் வழக்கறிஞர் அல்ல. எல்லாருக்கும் தெரிய வேண்டிய அளவுக்குச் சொல்கிறேன். 1954-ஆம் ஆண்டின் மருந்துகள், மாயத் தீர்வுகள் விளம்பரச் சட்டம் என்று ஒன்று உண்டு. தாயத்து, மந்திரம், கவசம் என்று எதனாலும் குறிப்பிட்ட நோய்களைக் குணப்படுத்துவதாக விளம்பரம் செய்வதை அது தடுக்கிறது. அந்த நோய்ப் பட்டியலில் காதுகேளாமை இருக்கிறது. விளம்பரத்தில் 'கேட்கும் திறன் திரும்பும்' என்ற வாசகம் இருந்ததா என்று பாருங்கள், இருந்தால் அதுதான் உங்கள் பிடி. பொய் வாக்குறுதி தந்து சேவை விற்பது 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்திலும் வரும். 'கட்டணம் திரும்பாது' என்று அவர்கள் எழுதி வைத்திருப்பதாலேயே உங்கள் உரிமை போய்விடாது.

அவர்களிடம் பணம் கேட்பதற்கு முன்பே சான்றுகளை எடுத்துவிடுங்கள், கேட்ட மறுநிமிடம் குழுவிலிருந்து நீக்கிவிடுவார்கள். விளம்பரத்தின் படம், பணம் கட்டிய ரசீது, "காது திறந்துகொள்கிறது" என்று அனுப்பிய செய்தி, மூன்று மணி நேரம் கேட்கச் சொன்ன பாடம், இவ்வளவும் தேதியோடு. பிறகு 15 நாள் கெடு கொடுத்து எழுத்து மூலம் கேளுங்கள். பதில் இல்லையென்றால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. அதிலும் தீராவிட்டால் நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்தின் நுகர்வோர் ஆணையத்திலேயே மனுப் போடலாம். வகுப்பு நடத்துபவர் எந்த ஊரில் இருந்தாலும் சரி. ஐந்து லட்சத்துக்குக் குறைவான தொகைக்கு மனுக் கட்டணம் இல்லை. இரண்டு வருடத்துக்குள் போட வேண்டும்.

புதிய ஆடியோகிராம் வந்ததும் இடது காதுக்கு 2000, 3000, 4000 ஆகிய மூன்றுக்கும் எதிரே என்ன எண் இருக்கிறது என்று எழுதி அனுப்புங்கள். முடிந்தால் பயிற்சியை நிறுத்திய தேதியையும் பக்கத்தில் குறித்துவிடுங்கள்.